யாத்திரையில் கல்: எங்கே எடுப்பது, எப்படிச் சுமப்பது, எங்கே விடுவது

யாத்திரைக்குக் கிளம்புகிறவர்கள் கல்லைப் பற்றிக் கேட்கிற முதல் கேள்வி பெரும்பாலும் ஒன்றுதான்: எந்தக் கல் எதற்கு நல்லது? கறுப்பு எடுத்தால் கெட்டது போகுமா, வெள்ளை எடுத்தால் மனசு அடங்குமா, பச்சை எடுத்தால் பணம் வருமா என்று. இந்தக் கேள்வியை முதலிலேயே ஓரம் கட்டிவிடலாம். பழைய யாத்திரைகளில் எதை எடுத்துப் பார்த்தாலும் கல்லின் நிறமும் வகையும் பெரிதாகக் கணக்கில் வருவதில்லை. ஒன்றிரண்டு விதிவிலக்குகள் உண்டு, அவற்றைப் பிறகு சொல்கிறேன். கல்லை எங்கே எடுத்தோம், எவ்வளவு தூரம் தூக்கிக்கொண்டு போனோம், எங்கே விட்டோம் என்ற மூன்றிலும்தான் அதற்கு அர்த்தம் ஏறுகிறது. மக்காவில் கஅபாவின் மூலையில் இருக்கும் ஹஜருல் அஸ்வத் என்ற கறுப்புக் கல்லை முத்தமிட்ட கலீஃபா உமர், நீ வெறும் கல், உன்னால் நன்மையும் செய்ய முடியாது தீமையும் செய்ய முடியாது, நபி முத்தமிட்டதைப் பார்த்ததால்தான் நானும் முத்தமிடுகிறேன் என்ற பொருளில் சொன்னதாக ஹதீஸ் இருக்கிறது. உலகத்திலேயே அதிகம் பேர் தொடத் துடிக்கும் கல்லைப் பற்றியே அப்படித்தான் பேசியிருக்கிறார்கள்.

ஆகவே நீங்கள் செய்ய வேண்டிய முதல் வேலை கல் தேடுவது இல்லை. போகிற இடத்தில் கல்லை என்ன செய்கிறார்கள் என்று விசாரிப்பது. சில இடங்களில் வீட்டிலிருந்து கொண்டுபோய் வைக்க வேண்டும், சில இடங்களில் வழியில் எடுத்து வழியிலேயே போட வேண்டும், சில இடங்களில் எறிய வேண்டும், சில இடங்களில் சுற்றி வந்தால் போதும், தொடவே கூடாது. இதைக் கலந்து குழப்பிவிட்டால் நீங்கள் பக்தியோடு செய்கிற காரியம் அந்த ஊர்க்காரர்களுக்குக் குப்பை போடுவதாகவோ, திருட்டாகவோ தெரியும்.

வீட்டிலிருந்து கொண்டுபோகிற கல்

இதற்கு மிகவும் பேர்போன இடம் ஸ்பெயினில் உள்ள குரூஸ் தெ ஃபெர்ரோ, அதாவது இரும்புச் சிலுவை. சாந்தியாகோ தெ கோம்போஸ்தெலா என்ற ஊரில் இருக்கும் புனித யாக்கோபின் பேராலயத்துக்குப் போகும் நடைபாதைகளில், பிரெஞ்சு வழி என்று சொல்லப்படுகிற பாதையில், லியோன் மாகாணத்து மலைமேல் சுமார் 1,500 மீட்டர் உயரத்தில் இது நிற்கிறது. ஒரு உயரமான மரக்கம்பம், அதன் உச்சியில் சின்னதாக ஒரு இரும்புச் சிலுவை, அடியில் தலைமுறை தலைமுறையாக யாத்திரிகர்கள் போட்ட கற்கள் சேர்ந்து ஒரு மேடு. படத்தில் பார்த்துவிட்டுப் போகிறவர்கள் சிலுவை இவ்வளவு சின்னதா என்று ஏமாறுவது சகஜம். மேடுதான் அங்கே விஷயம். (இப்போது உச்சியில் இருப்பது நகல். பழைய சிலுவை அஸ்தோர்காவில் உள்ள அருங்காட்சியகத்தில் இருக்கிறது.)

இந்தச் சிலுவையை நட்டவர் சுமார் 900 ஆண்டுகளுக்கு முன்னால் அந்த மலையில் யாத்திரிகர்களுக்காகத் தங்குமிடம் நடத்திய கௌசெல்மோ என்ற துறவி என்பது மரபு. அதற்கும் முன்னால் ரோமானியர்கள் வழிப்போக்கர்களின் தேவனான மெர்க்குரிக்குக் கல் குவித்த இடமாக இருக்கலாம் என்றும் சொல்கிறார்கள். எது எப்படியோ, இன்றைய வழக்கம் தெளிவாக இருக்கிறது: உங்கள் ஊரிலிருந்து ஒரு கல்லைக் கொண்டுபோக வேண்டும், மேட்டில் வைக்க வேண்டும், மனசில் சுமந்துகொண்டு வந்ததை அதோடு விட்டுவிட வேண்டும். பாவம், துக்கம், இறந்துபோன ஒருவரின் நினைவு, ஒரு பழைய கோபம், அது உங்கள் பாடு.

பிரெஞ்சு வழியை முழுதாக நடப்பவர்கள் பைரனீஸ் மலையடிவாரத்தில் பிரான்ஸ் பக்கம் உள்ள சான் ழான் பியே தெ போர் என்ற ஊரில் தொடங்குவார்கள். மொத்தம் ஏறக்குறைய 780 கிலோமீட்டர். குரூஸ் தெ ஃபெர்ரோ வரும்போது இன்னும் சுமார் 230 கிலோமீட்டர் பாக்கி இருக்கும். அப்படியென்றால் அந்தக் கல் உங்கள் முதுகில் 550 கிலோமீட்டர் வருகிறது, அதாவது மூன்று நான்கு வாரம். இந்தக் கணக்கை மனசில் வைத்துக்கொண்டு கல்லைத் தேர்ந்தெடுங்கள். முதுகுப்பையின் மொத்த எடை உங்கள் உடல் எடையில் பத்தில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது என்பது நடைக்காரர்கள் எல்லாரும் சொல்கிற விதி. 60 கிலோ உள்ளவருக்கு ஆறு கிலோதான் மொத்தமே. அதில் கல்லுக்கு 50 கிராம், மிஞ்சிப்போனால் 100 கிராம் கொடுக்கலாம். உள்ளங்கையை மூடினால் வெளியே தெரியாத அளவு. பெரிய துக்கத்துக்குப் பெரிய கல் என்று கிளம்புகிறவர்கள் முதல் வாரத்திலேயே முழங்கால் வலி வந்து அதை வேலியோரம் வைத்துவிட்டுப் போகிற கதை நிறைய உண்டு. அப்புறம் அதற்காகவும் வருத்தப்படுவார்கள்.

கல் உறுதியானதாக இருக்கட்டும். மணற்கல், பொரிந்துபோன சுண்ணாம்புக்கல் எல்லாம் பையில் உரசி உரசிப் பொடியாகும், துணியெல்லாம் மண்ணாகும். ஆற்றுக் கூழாங்கல் நல்லது, விளிம்பில்லாமல் இருக்கும், கையில் வைத்து உருட்டிக்கொண்டே நடக்கலாம். கடையில் விற்கும் மெருகேற்றிய படிகக்கல் வேண்டாம் என்பது என் அபிப்பிராயம். அதில் உங்களுடையது என்று ஒன்றும் இல்லை, எந்தச் சுரங்கத்திலிருந்து வந்தது என்றுகூடத் தெரியாது. வீட்டு வாசலில் கிடந்தது, பிறந்த ஊர் ஆற்றங்கரையில் எடுத்தது, அம்மாவின் கல்லறைக்குப் பக்கத்தில் கிடைத்தது, இப்படி ஏதாவது ஒன்று இருந்தால் அதை எடுங்கள். அடுத்தவர் நிலத்தில் எடுப்பதானால் கேட்டுவிட்டு எடுங்கள்.

பெயர் எழுதலாமா என்று கேட்பார்கள். எழுதலாம், பென்சிலில் எழுதுங்கள், மழையில் கொஞ்ச நாளில் போய்விடும். போக வேண்டியதுதானே அதன் வேலை. எண்ணெய்ச் சாயம், பளபளப்பான வார்னிஷ், ஒட்டுப்படம் எதுவும் வேண்டாம். அந்த மேட்டில் கல்லைத் தவிர புகைப்படம், பிளாஸ்டிக் உறையில் போட்ட கடிதம், காலணி, தொப்பி, பனியன் என்று கண்டதும் கிடக்கும், எல்லாம் யாரோ ஒருவர் உருக்கமாக வைத்துவிட்டுப் போனவைதான், மழை வெயிலில் நனைந்து காய்ந்து கடைசியில் அள்ளிக் கொட்ட வேண்டிய பொருளாகிவிடுகின்றன. கல் மட்டும்தான் அங்கே எத்தனை வருடமானாலும் தொந்தரவு இல்லாமல் கிடக்கும்.

வைக்கும்போது கவனிக்க வேண்டியது இரண்டு. மேட்டில் உள்ள கற்கள் உருளும், முதுகுப்பையைக் கீழே கழற்றி வைத்துவிட்டு மெதுவாக ஏறுங்கள், குளிர்காலத்தில் அங்கே பனியும் கிடக்கும். இன்னொன்று, மேலே ஒருவர் நின்று அழுதுகொண்டிருந்தால் அவர் இறங்கும் வரை கீழே காத்திருங்கள், கேமராவை நீட்டாதீர்கள். கூட்டம் வேண்டாம் என்றால் முந்தைய இரவை ஃபோன்செபாதோன் என்ற ஊரில் கழித்துவிட்டு இருட்டோடு கிளம்பலாம். ஆனால் சூரிய உதயத்துக்கு அங்கே நிற்க வேண்டும் என்று எல்லாரும் அதையே நினைப்பதால் சில நேரம் அதுதான் கூட்டமான வேளையாகிவிடும்.

அதே பாதையில் கல் சுமக்கிற இன்னொரு பழைய வழக்கம் இருந்தது. எனக்கு இரும்புச் சிலுவையைவிட இதுதான் பிடிக்கும். 12ஆம் நூற்றாண்டில் எழுதப்பட்ட யாத்திரை வழிகாட்டி ஒன்று, த்ரியகாஸ்தேலா என்ற ஊரில் யாத்திரிகர்கள் ஆளுக்கொரு சுண்ணாம்புக்கல்லை எடுத்துக்கொண்டு காஸ்தன்யேதா வரை சுமந்துபோய்க் கொடுப்பார்கள், அங்கே சூளையில் அதை நீற்றிப் பேராலயம் கட்ட எடுத்துக்கொள்வார்கள் என்கிறது. துக்கமும் இல்லை, பாவமும் இல்லை. கட்டட வேலைக்குக் கல் வேண்டும், நீ எப்படியும் அந்தப் பக்கம்தானே போகிறாய், ஒன்றைத் தூக்கிக்கொண்டு போ. பக்தியும் சரக்குப் போக்குவரத்தும் ஒரே நடையில் முடிந்தது.

வழியில் எடுத்து வழியிலேயே போடுகிற கல்

சபரிமலைக்குப் பெருவழிப் பாதையில் போனவர்களுக்கு அழுதா நதி தெரிந்திருக்கும். எருமேலியில் பேட்டை துள்ளி, பேரூர்த்தோடு தாண்டி, காளைகட்டி வந்து, அழுதாவில் குளிக்கும்போது முங்கி ஆற்றின் அடியிலிருந்து கல் எடுப்பார்கள், முக்கியமாக முதல் முறை மலைக்குப் போகும் கன்னிசாமிகள். அதைச் சுமந்துகொண்டு அழுதை ஏற்றத்தில் ஏறி, மேலே கல்லிடும் குன்று என்ற இடத்தில் போட வேண்டும். ஐயப்பன் மகிஷியை வதம் செய்தார், அவள் உடல் மறுபடியும் எழாதபடி மேலே கல் போட்டு மூடினார்கள் என்பது கதை. ஒவ்வொரு சாமியும் ஒரு கல் போடுகிறார், மூடுகிற வேலை இன்னும் நடந்துகொண்டே இருக்கிறது.

இங்கே வீட்டிலிருந்து கல் கொண்டுபோவதற்கு அர்த்தமே இல்லை. ஆற்றில் எடுக்க வேண்டும், குன்றில் போட வேண்டும், அவ்வளவுதான் கல்லின் பயணம். தூரம் கொஞ்சம்தான், ஆனால் செங்குத்து. தலையில் இருமுடி, வெறுங்கால், ஈர வேட்டி. அதனால் சின்னக் கல் எடுங்கள். ஆற்றில் இழுப்பு இருந்தால் கரையோரமாக எடுங்கள், ஆழத்தில் முங்கினால்தான் பலன் என்று யாராவது உசுப்பேற்றினால் கேட்காதீர்கள். கல்லை இருமுடிக்குள் திணிக்கக் கூடாது, இருமுடி வேறு கணக்கு, கையிலோ துண்டின் முடிச்சிலோ வைத்துக்கொள்ளுங்கள். சந்தேகம் வந்தால் குருசாமி சொல்கிறபடி செய்யுங்கள், குழுவுக்குக் குழு சின்னச் சின்ன வித்தியாசம் இருக்கும். காட்டுப் பாதை என்பதால் வனத்துறை நேரக் கட்டுப்பாடு வைத்திருக்கிறது, நேரம் கடந்து போனால் மேலே விட மாட்டார்கள். வண்டியில் நேராகப் பம்பை போகிறவர்களுக்கு இந்தக் கல் கிடையாது. அதற்குப் பதிலாகப் பம்பையிலிருந்து ஒரு கல் எடுத்துப் போகலாமா என்றால், தேவையில்லை, அங்கே அப்படி ஒரு வழக்கம் இல்லை.

எறிகிற கல்

ஹஜ்ஜில் மினாவில் ஷைத்தானுக்குக் கல்லெறிவதுதான் எண்ணிக்கையும் நேரமும் மிகக் கறாராக இருக்கும் கல் சடங்கு. மகனைப் பலியிடப் போன இப்ராஹீம் நபியைத் தடுக்க வந்த ஷைத்தானை அவர் கல்லால் அடித்து விரட்டினார் என்பதன் நினைவு இது. துல்ஹஜ் மாதம் 9ஆம் நாள் இரவு மினாவுக்குப் பக்கத்தில் உள்ள முஸ்தலிஃபாவில் தங்கும்போது பலரும் கற்களைப் பொறுக்கிக்கொள்கிறார்கள், மினாவிலும் எடுக்கலாம். கல்லெறிகிற மூன்று இடங்களுக்கு ஜம்ரா என்று பெயர். 10ஆம் நாள் பெரிய ஜம்ராவில் மட்டும் ஏழு கல். 11, 12 ஆகிய நாட்களில் மதியம் சாய்ந்த பிறகு சிறியது, நடுவில் உள்ளது, பெரியது என்ற வரிசையில் ஒவ்வொன்றுக்கும் ஏழு, ஆக நாளுக்கு 21. பன்னிரண்டாம் நாள் சூரியன் மறைவதற்குள் கிளம்பிவிட்டால் மொத்தம் 49, பதின்மூன்றாம் நாளும் தங்கினால் 70.

கொண்டைக்கடலையைவிடக் கொஞ்சம் பெரிதாக இருந்தால் போதும். பெரிய கல் எடுக்கக் கூடாது, அது மார்க்கத்திலும் விலக்கப்பட்டது, முன்னால் நிற்பவர் மண்டையிலும் விழும். செருப்பை வீசுவது, கோபத்தில் கத்துவது எல்லாம் சடங்கில் சேர்ந்தது இல்லை. ஒவ்வொன்றாக, அல்லாஹு அக்பர் என்று தக்பீர் சொல்லி எறிய வேண்டும். ஏழையும் ஒரே கைப்பிடியாக வீசினால் அது ஒன்றாகத்தான் கணக்காகும். ஜம்ராவின் அடியில் உள்ள தொட்டிக்குள் விழ வேண்டும், விழாமல் போனால் மறுபடி எறிய வேண்டும் என்பதால் கையில் சில கற்கள் கூடுதலாக இருக்கட்டும். ஒவ்வொரு நாளுக்கும் ஒரு சின்னப் பை என்று முன்கூட்டியே எண்ணிப் பிரித்து வைத்துக்கொண்டால் கூட்டத்துக்கு நடுவில் எண்ண வேண்டியதில்லை. 2020இல் கொரோனா காலத்து ஹஜ்ஜில் கிருமிநீக்கம் செய்த கற்களைப் பையில் போட்டே கொடுத்தார்கள்.

கூட்டம் இங்கே விளையாட்டில்லை. முன்பு தூணாக இருந்த ஜம்ராக்களை 2004 ஹஜ்ஜுக்குப் பிறகு நீண்ட சுவராக மாற்றினார்கள், எதிரே நிற்பவர் மேல் கல் படாமலும், எல்லாரும் ஒரே இடத்தில் முட்டாமலும் இருக்க. அப்படியும் 2006 ஜனவரியில் ஜம்ராத் பாலத்தில் நடந்த நெரிசலில் 340க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள், அதன் பிறகு பழைய பாலத்தை இடித்துவிட்டுப் பல அடுக்குகளாகப் புதிதாகக் கட்டினார்கள். உங்கள் குழுவுக்குக் கொடுத்த நேரத்தில்தான் போங்கள். சுவரின் தொடக்கத்திலேயே நின்று முண்டாமல் கொஞ்சம் முன்னே நடந்தால் கடைசிப் பக்கம் பெரும்பாலும் இடம் இருக்கும். வயதானவர்கள், நோயாளிகள், கர்ப்பிணிகள் தங்களுக்குப் பதில் இன்னொருவரை எறியச் சொல்லலாம். அதில் குறை ஒன்றும் இல்லை. வெட்கப்பட்டுக்கொண்டு நெரிசலுக்குள் போகாதீர்கள்.

சுற்றி வருகிற கல், தொடக் கூடாத கல்

திபெத்திலும் நேபாளத்து மலைப் பாதைகளிலும் ஓம் மணி பத்மே ஹூம் என்று செதுக்கிய மணிக்கற்கள் சுவர் மாதிரி அடுக்கியிருக்கும். உங்கள் வலப்பக்கம் இருக்கும்படி கடந்து போங்கள், பௌத்தர்கள் கடிகாரம் சுற்றும் திசையில் போவார்கள். திபெத்தின் பழைய மதமான பொன் (Bon) மதத்தைச் சேர்ந்தவர்கள் எதிர்த்திசையில் வருவார்கள், கைலாய வலத்தில் இரண்டு திசையிலும் ஆட்கள் வருவதைப் பார்க்கலாம். மணிக்கல்லின் மேல் உட்காருவது, பையைச் சாய்ப்பது, ஒன்றை நினைவாக எடுத்துப் பைக்குள் போடுவது மூன்றும் கூடாது. மூன்றாவதைத்தான் பலர் செய்கிறார்கள். அது யாரோ ஒருவர் செதுக்கச் சொல்லிக் காசு கொடுத்து வைத்த பிரார்த்தனை.

மங்கோலியாவின் ஓவோ என்ற கற்குவியல்களில் மூன்று முறை வலம் வந்து ஒரு கல்லைச் சேர்ப்பார்கள், அங்கே பக்கத்தில் கிடக்கும் எந்தக் கல்லும் போதும். அயர்லாந்தின் குரோக் பாட்ரிக் மலையில், ஜூலை மாதக் கடைசி ஞாயிறு பெரும் கூட்டம் ஏறும், சிலர் வெறுங்காலோடு. கற்குவியலை ஏழு முறை சுற்றி ஜெபம் சொல்வது அங்கே வழக்கம். யூதர்கள் கல்லறையில் பூவுக்குப் பதில் சின்னக் கல் வைப்பார்கள், வந்துபோனேன் என்பதற்கு அடையாளம். வைக்கலாம், அடுத்தவர் வைத்ததை நகர்த்தக் கூடாது. ஜப்பானின் ஒசோரே மலையில், பெற்றோருக்கு முன்னால் இறந்துபோன குழந்தைகளுக்காகக் கற்களைக் குவித்து வைக்கிறார்கள். அந்தக் குழந்தைகள் மறுகரைக்குப் போக முடியாமல் ஆற்றங்கரையில் கல்லடுக்கிக்கொண்டிருக்கின்றன, பேய்கள் வந்து தட்டிவிடுகின்றன, குழந்தைகளைக் காக்கும் போதிசத்துவரான ஜிஸோ வந்து காப்பாற்றுகிறார் என்பது நம்பிக்கை. அங்கே நடக்கும்போது காலைப் பார்த்து வையுங்கள், ஒரு குவியலைத் தட்டிவிட்டால் நீங்கள் அந்தக் கதையில் யாராக ஆகிறீர்கள் என்று சொல்ல வேண்டியதில்லை.

கல்மேல் கல் அடுக்குவது

தென்னிந்திய மலைக்கோயில் படிப் பாதைகளில் சொந்த வீடு அமைய வேண்டும் என்று மூன்று நான்கு கல்லை வீடு மாதிரி அடுக்கி வைப்பதைப் பார்த்திருப்பீர்கள். படியோரம், பாறையோரம், ஏற்கெனவே எல்லாரும் அடுக்கியிருக்கிற இடத்தில் செய்வதில் தப்பில்லை. படிக்கு நடுவில் அடுக்காதீர்கள், இருட்டில் வருகிறவர் தடுக்கி விழுவார்.

ஆனால் காட்டிலும் உயர்ந்த மலையிலும் கற்குவியல் என்பது வழிகாட்டிப் பலகை. மூடுபனியில் பாதை தெரியாதபோது அதைப் பார்த்துத்தான் ஆட்கள் திரும்புவார்கள். நீங்கள் படம் எடுப்பதற்காக ஒன்றை அடுக்கினால் யாரோ ஒருவர் தவறான பக்கம் இறங்கிவிடலாம். ஆற்றுக்குள் கிடக்கும் கற்களைப் புரட்டினால் அவற்றின் அடியில் இருக்கும் பூச்சிகளும் மீன் முட்டைகளும் அழியும். அழுதாவில் எடுக்கிறோமே என்று கேட்கலாம். அது ஒரு குறிப்பிட்ட துறை, காலம் காலமாக நடப்பது. வழக்கம் இல்லாத ஓடையில் நீங்களாக ஆரம்பித்து வைக்க வேண்டாம் என்றுதான் சொல்கிறேன், ஏனென்றால் ஒரு அடுக்கைப் பார்த்து அடுத்தவர் ஒன்று அடுக்குவார், ஒரு பருவத்துக்குள் கரை முழுக்க அதுவாகிவிடும்.

வீட்டுக்கு வருகிற கல்

முன்னால் சொன்ன விதிவிலக்கு இதுதான். நேபாளத்தில் காளி கண்டகி ஆற்றில் கிடைக்கும் சாளக்கிராமத்துக்கு, கல் எது என்பதே முக்கியம். அது அம்மோனைட் என்ற கடல் உயிரியின் புதைபடிவம். இமயமலை எழும்புவதற்கு முன்னால் அங்கே கடல் இருந்தது, அதில் பத்துக் கோடி ஆண்டுகளுக்கும் முன்பு வாழ்ந்த உயிரியின் சுருள் கறுத்த கல்லுக்குள் பதிந்திருக்கிறது. வைணவர்களுக்கு அந்தச் சுருள் திருமாலின் சக்கரம். முக்திநாத் போகிறவர்கள் ஆற்றங்கரையில் தேடுவார்கள். மந்திரம் சொல்லி உயிர் ஏற்றும் பிராணப் பிரதிஷ்டை தேவையில்லை, அது தானாகவே மூர்த்தி என்பது நம்பிக்கை. நர்மதையில் கிடைக்கும், லிங்க வடிவக் கல்லான பாணலிங்கமும் அப்படித்தான்.

தானாகவே மூர்த்தி என்றால் வீட்டுக்கு வந்த நாளிலிருந்து அதற்குத் தினமும் திருமஞ்சனம், துளசி, நைவேத்தியம் உண்டு. ஊருக்குப் போனால் யார் பார்த்துக்கொள்வது என்று யோசித்துவிட்டு எடுங்கள். அலமாரியில் அலங்காரத்துக்கு வைக்கப் போகிறீர்கள் என்றால் கரையிலேயே கும்பிட்டுவிட்டு வந்துவிடுங்கள். கடையில் வாங்குவதானால் அச்சில் வார்த்த போலிகளும் செதுக்கி விடப்பட்ட சக்கரங்களும் உண்டு. எல்லாக் கல்லிலும் ஒரே மாதிரி, கச்சிதமான சுருள் இருந்தால் சந்தேகப்படுங்கள். சாளக்கிராமத்துக்கு விலை பேசுவதே பாவம் என்று பெரியவர்கள் சொல்வார்கள், வீட்டில் வைத்துப் பூஜை செய்ய முடியாத ஒருவரிடமிருந்து வாங்கிக்கொள்வதுதான் பழைய வழி, இன்றைக்கும் அது நடக்கிறது.

மற்ற இடங்களில், எடுத்து வராதீர்கள் என்பதுதான் என் பதில். கோவர்த்தன மலையின் கல்லை அந்த இடத்தை விட்டு எடுக்கக் கூடாது என்று வைணவர்கள் பலர் கண்டிப்பாக இருப்பார்கள், அந்த மலையே கிருஷ்ணன். ஆஸ்திரேலியாவின் உலுரு பாறை அந்த இடத்துப் பழங்குடிகளான அனங்கு மக்களுக்குப் புனிதமானது, 2019 அக்டோபர் 26 முதல் ஏறுவதே தடை. முன்பு அங்கிருந்து கல் எடுத்துப்போனவர்கள் எடுத்த நாளிலிருந்து வீட்டில் ஒன்றும் சரியில்லை, மன்னித்துவிடுங்கள் என்று கடிதம் எழுதித் தபாலில் திருப்பி அனுப்பிக்கொண்டிருக்கிறார்கள். அமெரிக்காவில் அரிசோனா மாநிலத்தில், கல்லாக மாறிய மரங்கள் கிடக்கும் கல்மரப் பூங்காவுக்கும் இப்படியே கற்கள் திரும்பி வருகின்றன. எங்கே கிடந்தது என்று தெரியாத கல்லை மறுபடி நிலத்தில் போட்டால் ஆராய்ச்சி கெட்டுவிடும் என்பதால், திரும்பி வந்தவற்றைத் தனியாக ஒரு குவியலாகப் போட்டு வைத்திருக்கிறார்கள். திருப்பிக் கொடுத்தாலும் அது தன் இடத்துக்குப் போவதில்லை. ஏற்கெனவே உங்களிடம் ஒன்று இருந்தால், தபாலில் அனுப்புவதற்கு முன் அந்த இடத்தை நிர்வகிப்பவர்களுக்கு எழுதிக் கேளுங்கள்.

சட்டமும் இருக்கிறது. இத்தாலியின் சர்தீனியாத் தீவில் கடற்கரை மணலோ கூழாங்கல்லோ எடுத்தால் 500 முதல் 3,000 யூரோ வரை அபராதம். ஆஸ்திரேலியா, நியூசிலாந்து போன்ற நாடுகளில் மண் ஒட்டிய எதையும் இறங்கியதும் அறிவிக்க வேண்டும், ஆகவே கொண்டுபோகிற கல்லைத் தேய்த்துக் கழுவிக் காய வையுங்கள். விமானத்தில் கூழாங்கல் கைப்பையில் போகும், ஆனால் கை நிறையக் கனக்கும் கல்லைப் பார்த்தால் பாதுகாப்புச் சோதனையில் நிறுத்தி வைத்துவிடுவார்கள், அதைப் பெட்டியில் போட்டு அனுப்புங்கள். அங்கேயே போட்டுவிட்டுப் போ என்று சொல்லிவிட்டால், உங்கள் அம்மா கல்லறைக் கல் விமான நிலையக் குப்பைத் தொட்டியில் கிடக்கும்.

வழக்கம் இல்லாத யாத்திரையில்

போகிற இடத்தில் கல் சம்பந்தப்பட்ட எதுவும் இல்லை, ஆனாலும் ஒன்றைச் சுமந்துபோக வேண்டும்போல் இருக்கிறது என்றால் சுமந்து போங்கள், அங்கே வைக்காதீர்கள். சந்நிதியில், பலிபீடத்தில், தர்காவில், மரத்தடியில் உங்கள் கல்லுக்கு அர்த்தம் தெரிந்தவர் யாரும் இல்லை, மறுநாள் பெருக்கித் தள்ளுவார்கள். எடுத்த இடத்துக்கே திருப்பிக் கொண்டுவந்து வைத்துவிடலாம். போய் வந்த தூரம் அதில் இருக்கிறது, யாருக்கும் இடைஞ்சலும் இல்லை.

என்ன நினைத்துக்கொண்டு சுமப்பது என்பதைக் கிளம்பும்போதே முடிவு செய்ய வேண்டும் என்று இல்லை. பலருக்கு வழியில்தான் தெரியும். ஒரு கல்லுக்கு ஒரு விஷயம் போதும், குடும்பத்தில் எல்லாருக்கும் ஒவ்வொன்று என்று எட்டுக் கல் கட்டிக்கொண்டு போனால் எது யாருடையது என்பதே நடுவில் மறந்துவிடும். பக்கத்து வீட்டார் எங்களுக்காகவும் ஒன்று கொண்டுபோய் வையுங்கள் என்று கொடுத்தால், ஒன்றிரண்டு வாங்கிக்கொள்ளலாம், அதற்குமேல் முடியாது என்று சொல்லப் பழகிக்கொள்ளுங்கள். வழியில் தினமும் ஒரு நேரம் கையில் எடுத்து வைத்துக்கொண்டு நடப்பது நல்லது, இல்லாவிட்டால் பையின் அடியில் சோப்புக்குக் கீழே கிடந்து, வைக்க வேண்டிய இடத்தில் மொத்தப் பையையும் கொட்டித் தேட வேண்டியிருக்கும்.

உடம்பு முடியாமல் பாதியில் திரும்ப நேர்ந்தால், அன்றைக்கு உங்களோடு நடந்த ஒருவரிடம் கல்லைக் கொடுத்துவிடுங்கள், பெரும்பாலும் யாரும் மறுக்க மாட்டார்கள். இன்னாருக்காக, இன்னதற்காக என்று சொல்லித்தான் கொடுக்க வேண்டும் என்பதில்லை. அவர் பைக்கு எடை கூடுகிறது, அதனால் சின்னக் கல் எடுங்கள் என்று மறுபடியும் சொல்கிறேன்.